நிலைய எழுத்தர்களுக்கு ஒரு திறந்த மடல்: முன்ஜாமீன் உங்கள் மேசையில்தான் முடிவாகிறது

தமிழ்நாட்டுக் காவல் நிலையங்களில் எழுத்தர் வேலை பார்க்கும் ஏட்டையாக்களுக்கும், அவர்கள் எழுதியதில் கையெழுத்துப் போடும் ஆய்வாளர்களுக்கும், அப்புறம் விசாரிக்க வரும் டி.எஸ்.பி.க்களுக்கும்,

வணக்கம்.

முன்ஜாமீனைப் பற்றி எங்களுக்கு எதற்குக் கடிதம் என்று நீங்கள் நினைக்கலாம். கேட்பவர் வக்கீல், எதிர்ப்பவர் அரசு வழக்கறிஞர், கொடுப்பதும் மறுப்பதும் நீதிபதி. இதில் ரைட்டருக்கு என்ன வேலை?

பத்தொன்பது வருடமாகத் தென்மாவட்டம் ஒன்றில் வக்கீல் தொழில் செய்கிறேன். பட்டியல் சாதி, பழங்குடி மக்கள் மீதான வன்கொடுமை வழக்குகளில் பாதிக்கப்பட்டவர்களுக்காக வாதாடியிருக்கிறேன், எதிரிகளுக்காக, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர்களுக்காக, முன்ஜாமீன் மனுவும் போட்டிருக்கிறேன். இரண்டு பக்கமும் நின்று பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: முன்ஜாமீன் மனு கோர்ட்டுக்கு வரும்போது பாதிக்கு மேல் முடிந்துபோன விஷயமாகத்தான் வருகிறது. புகார்க்காரர் உங்கள் எதிரில் நின்று பேசுகிறாரே, அந்த இருபது நிமிடத்தில் உங்கள் விரல் எதைத் தட்டியது, எதை விட்டது என்பதை வைத்துத்தான் நாங்கள் எல்லோரும் அப்புறம் சண்டை போடுகிறோம்.

ஏன் அப்படி ஆனது என்பதற்குக் கொஞ்சம் பழைய கதை வேண்டும். 1989ல் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் வந்தபோதே அதன் 18ஆம் பிரிவு முன்ஜாமீனுக்கு இடமில்லை என்று சொல்லிவிட்டது. இது சமத்துவத்துக்கு எதிரானது என்று மத்தியப் பிரதேசத்திலிருந்து ஒரு வழக்கு போனது. 1995ல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. தீண்டாமை நடக்கிற சமூகச் சூழலை வைத்துத்தான் இந்தப் பிரிவைப் பார்க்க வேண்டும், முன்ஜாமீனோடு வெளியே இருக்கிறவர் பாதிக்கப்பட்டவரை மிரட்டி விசாரணையையே கெடுத்துவிடக்கூடும் என்றது. 2018 மார்ச் 20 அன்று மகாஜன் என்பவரின் வழக்கில் இன்னொரு அமர்வு வேறு திசையில் போனது. கைதுக்கு முன் அனுமதி வாங்க வேண்டும், எஃப்.ஐ.ஆருக்கு முன் பூர்வாங்க விசாரணை நடத்தலாம் என்றெல்லாம் வந்தது. அதை எதிர்த்து நடந்த ஏப்ரல் 2 பாரத் பந்த் உங்களுக்கு நினைவிருக்கும். வட மாநிலங்களில் அன்று உயிர்கள் போயின. அதே வருடம் ஆகஸ்டில் நாடாளுமன்றம் 18ஏ பிரிவைச் சேர்த்தது. எஃப்.ஐ.ஆர். போடப் பூர்வாங்க விசாரணை தேவையில்லை, கைது செய்ய யாருடைய அனுமதியும் தேவையில்லை, எந்தக் கோர்ட் என்ன சொல்லியிருந்தாலும் முன்ஜாமீன் பிரிவு இந்த வழக்குகளுக்குப் பொருந்தாது. 2019 அக்டோபர் 1 அன்று உச்ச நீதிமன்றமே மகாஜன் உத்தரவுகளைத் திரும்பப் பெற்றுக்கொண்டது.

இதோடு முடிந்தது என்றுதான் பலர் நினைக்கிறார்கள். 'பிசிஆர் கேஸ்ல முன்ஜாமீனே கிடையாது' என்று டீக்கடையில்கூடச் சொல்வார்கள். (1955ஆம் வருடத்துச் சட்டத்தின் பெயர் அது. புதுச் சட்டம் வந்து இத்தனை வருடம் ஆகியும் ஊர் வாயில் அந்தப் பெயர்தான் ஒட்டிக்கொண்டிருக்கிறது.) உண்மையில் 2020 பிப்ரவரி 10 அன்று 18ஏ செல்லும் என்று தீர்ப்பளித்த அதே உச்ச நீதிமன்றம் ஒரு வாசலைத் திறந்தே வைத்தது. புகாரில் இந்தச் சட்டப்படியான குற்றத்துக்கு முகாந்திரமே இல்லை என்றால், 18ம் தடுக்காது, 18ஏவும் தடுக்காது. அந்த வாசல் நியாயமானது என்பதே என் கருத்து. ஆதாரமில்லாத புகாருக்காக ஒருவர் ஜெயிலுக்குப் போகக் கூடாது.

ஆனால் முகாந்திரம் இருக்கிறதா இல்லையா என்று எதை வைத்துப் பார்ப்பது? முன்ஜாமீன் கட்டத்தில் சாட்சி விசாரணை கிடையாது. குட்டி விசாரணை நடத்தாதீர்கள் என்று 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் மறுபடியும் கண்டித்திருக்கிறது. ஆக நீதிபதி முன்னால் இருப்பது பெரும்பாலும் ஒரே காகிதம். அது நீங்கள் எழுதிய காகிதம்.

ஒரு வழக்கைச் சொல்கிறேன். ஊர் பெயர் வேண்டாம், நிலையத்தின் பெயரும் வேண்டாம்.

நூறு நாள் வேலையில் கண்மாய்க் கரையைப் பலப்படுத்திக்கொண்டிருந்தார்கள். மதியச் சாப்பாட்டு நேரம். அந்தக் கரையில் ஒரே ஒரு வேப்பமரம். ஐம்பது வயது தாண்டிய ஓர் அம்மா மரத்தடியில் உட்கார்ந்து தூக்குவாளியைத் திறந்தார். பக்கத்து வயலுக்குத் தண்ணீர் பாய்ச்ச வந்த ஓர் ஆள், வேலைக்கு வந்தவர்கூட இல்லை, நேராக வந்து வாளியைக் காலால் எத்திவிட்டார். கஞ்சி மண்ணோடு போனது. சாதிப் பெயரைச் சொல்லி, 'உங்களுக்கெல்லாம் நெழலு கேக்குதோ' என்றார். எழுந்த அம்மாவைத் தோளைப் பிடித்துத் தள்ளினார். சுற்றிலும் முப்பது பேருக்குக் குறையாமல் உட்கார்ந்திருந்தார்கள்.

எஃப்.ஐ.ஆரில் இது எப்படி வந்திருந்தது தெரியுமா?

'மேற்படி தேதியில் நான் வேலை செய்துகொண்டிருந்தபோது மேற்படி எதிரி முன்விரோதம் காரணமாக என்னிடம் தகராறு செய்து, சாதியைச் சொல்லி அசிங்கமாகத் திட்டி, கையால் தள்ளி, கொலை மிரட்டல் விடுத்தார்.'

இவ்வளவுதான். பிரிவுகள்: புதிய தண்டனைச் சட்டமான பி.என்.எஸ். 296(பி), 115(2), 351(2), அதாவது ஆபாசமாகத் திட்டுவது, காயப்படுத்துவது, மிரட்டுவது. பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 294(பி), 323, 506தான் புதுச்சட்டை போட்டு வந்திருக்கிறது. கூடவே வன்கொடுமைச் சட்டத்தில் 3(1)(ஆர்), 3(1)(எஸ்): இழிவுபடுத்தும் எண்ணத்தோடு அவமதிப்பது, சாதிப் பெயரைச் சொல்லித் திட்டுவது. சம்பவ இடம் என்ற கட்டத்தில் 'நிலையத்துக்குத் தெற்கே 7 கி.மீ.' என்று கச்சிதமாக இருந்தது. வேப்பமரம் இல்லை. தூக்குவாளி இல்லை. கண்மாய்க் கரை இல்லை. முப்பது பேரில் ஒருவர் பெயரும் இல்லை. நடக்காத கொலை மிரட்டல் மட்டும் எப்படியோ வந்து சேர்ந்திருந்தது.

சிறப்பு நீதிமன்றம் முன்ஜாமீனை மறுத்தது, மேல் கோர்ட் கொடுத்தது. எதிர்த்து நின்றவன் நான். நீதிபதியைக் குறை சொல்ல என்னால் முடியவில்லை. 'பொதுப் பார்வையில் நடந்தது என்று இதில் எங்கே இருக்கிறது?' என்று கேட்டார். நான் காகிதத்தைப் புரட்டினேன். புரட்ட அதில் ஒரு பக்கத்துக்கு மேல் எதுவும் இல்லை.

ஏட்டையா, 3(1)(ஆர்), 3(1)(எஸ்) இரண்டிலும் உள்ள உயிர்நிலையான வார்த்தைகள் 'பொதுப் பார்வைக்கு உட்பட்ட எந்த இடத்திலும்' என்பவை. பொது இடம் வேறு, பொதுப் பார்வை வேறு. 2008லேயே உச்ச நீதிமன்றம் இதைப் பிரித்துச் சொல்லிவிட்டது. சொந்த வீட்டு முற்றமாக இருக்கட்டும், சாலையில் போகிறவர் கண்ணில் பட்டால் அது பொதுப் பார்வைதான். வீட்டுக்குள்ளேயே நடந்தாலும் உறவினர், நண்பர் அல்லாத வெளியாட்கள் அங்கே இருந்தால் அதுவும் சேரும். நான்கு சுவருக்குள் வேறு யாரும் இல்லாதபோது பேசியது சேராது என்று 2020ல் உத்தராகண்ட் வழக்கில் வந்தது. நம் பக்கத்து உதாரணமும் இருக்கிறது. திருச்சி மாவட்டம் லால்குடியிலிருந்து போன வழக்கு, 2025 ஜனவரி 31 தீர்ப்பு. பட்டா விஷயமாக அலுவலகத்துக்கு வந்தவர் சாதியைச் சொல்லித் திட்டினார் என்று ஒரு வருவாய் ஆய்வாளர் கொடுத்த புகார். உடன் வேலை பார்த்தவர்கள் சம்பவத்துக்குப் பிறகுதான் வந்தார்கள் என்று எஃப்.ஐ.ஆர். சொன்னது. அந்த ஒரு புள்ளியில் வழக்கே ரத்தானது. யார், எப்போது, எங்கே நின்று பார்த்தார் என்பது இவ்வளவு பெரிய விஷயம்.

இப்போது மேலே சொன்ன 2025 செப்டம்பர் தீர்ப்பைப் பாருங்கள். மகாராஷ்டிரத்தின் தாராசிவ் மாவட்டத்து வழக்கு. சொன்னபடி சட்டமன்றத் தேர்தலில் ஓட்டுப் போடவில்லை என்று ஒரு பட்டியல் சாதிக் குடும்பத்தை வீட்டுக்கு வெளியே வைத்து அடித்தார்கள், சாதியைச் சொல்லித் திட்டினார்கள், வீட்டைக் கொளுத்துவோம் என்றார்கள் என்பது புகார். உயர் நீதிமன்றம் முன்ஜாமீன் கொடுத்தது. உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. எஃப்.ஐ.ஆரிலேயே எல்லாம் இருந்ததுதான் காரணம். எதற்காக வந்தார்கள், எங்கே நின்றார்கள், என்ன பேசினார்கள், கையில் என்ன இருந்தது என்று அது சொன்னது. வீட்டுக்கு வெளியே என்ற அந்தச் சின்ன விவரம் பொதுப் பார்வை என்ற கேள்விக்குப் பதில் ஆகிவிட்டது. அதை எழுதியவரும் உங்களைப் போல ஒரு நிலையத்தில் உட்கார்ந்து எழுதியவர்தானே.

அடுத்தது அந்த 'முன்விரோதம்'. இந்தச் சொல் உங்கள் கம்ப்யூட்டரில் தானாக வந்து உட்காருகிறதோ என்று எனக்குச் சந்தேகம் உண்டு. அடிதடி வழக்கில் அது ஒரு காரணம், சரி. வன்கொடுமை வழக்கில் அது எதிரியின் வக்கீலுக்கு நீங்கள் எழுதிக்கொடுக்கும் வாதம். பாதிக்கப்பட்டவர் பட்டியல் சாதியைச் சேர்ந்தவர் என்பது மட்டும் போதாது, அவருக்கு நேர்ந்த எல்லா அவமதிப்பும் இந்தச் சட்டத்தில் வந்துவிடாது, சாதியின் காரணமாக இழிவுபடுத்தும் எண்ணம் இருக்க வேண்டும் என்று 2024 ஆகஸ்டில் கேரள யூடியூப் சேனல் ஆசிரியர் ஷாஜன் ஸ்கரியா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லி, முன்ஜாமீனும் கொடுத்தது. அந்தத் தீர்ப்பை நானே எதிரித் தரப்பில் காட்டி வாதாடியிருக்கிறேன். எஃப்.ஐ.ஆரில் முன்விரோதம் என்று ஒரு சொல் இருந்தால் போதும், 'ஐயா, இது சாதிக்காக நடந்ததல்ல, பழைய பகை என்று புகார்தாரரே ஒப்புக்கொள்கிறார்' என்று ஆரம்பித்துவிடலாம். புகார்தாரருக்கு அப்படி ஒரு சொல் தன் வாக்குமூலத்தில் இருப்பதே தெரிந்திருக்காது.

மூன்றாவது விஷயம் சொல்லக் கொஞ்சம் கூச்சமாக இருக்கிறது. 'சாதியைச் சொல்லித் திட்டி' என்று பொதுவாக எழுதிவிடுகிறீர்கள். அந்தச் சொல்லை எழுதக் கை வரவில்லை என்று ஓர் ஏட்டையா என்னிடமே சொன்னார், அவருடைய நல்ல மனசு அது. நானும் இந்த மடலில் எழுதவில்லை பாருங்கள். ஆனால் அதை எழுதியே ஆக வேண்டிய இடம் என்று உலகத்தில் ஒன்று இருந்தால் அது உங்கள் எஃப்.ஐ.ஆர்.தான். என்ன சொல், அதற்கு முன்னும் பின்னும் என்ன பேசினார், அப்படியே மேற்கோளில் போடுங்கள். 'உங்களுக்கெல்லாம் நெழலு கேக்குதோ' என்ற வரி எஃப்.ஐ.ஆரில் இருந்திருந்தால் எண்ணம் என்ன என்று யாரும் என்னைக் கேட்டிருக்க மாட்டார்கள்.

பிரிவு போடுவதிலும் ஒரு பழக்கதோஷம் இருக்கிறது. எது நடந்தாலும் (ஆர்), (எஸ்) இரட்டைக் குழந்தைகள். 2016 ஜனவரி 26 முதல் அமலில் இருக்கும் திருத்தத்தில் எத்தனை புதிய பிரிவுகள் வந்தன. 3(1)(இசட்ஏ) எடுத்துக்கொள்ளுங்கள். பொதுச் சொத்தை, சுடுகாட்டை, நீர்நிலையை, பாதையைப் பயன்படுத்த விடாமல் தடுப்பது அதில் வரும். பைக்கில் போகக் கூடாது, செருப்புப் போடக் கூடாது, புதுத்துணி உடுத்தக் கூடாது, கோயிலுக்குள் வரக் கூடாது என்பதும் வரும். (இசட்சி) ஊர்விலக்கம். இவற்றில் 'பொதுப் பார்வை' என்ற நிபந்தனையே கிடையாது. அடித்தது, தள்ளியது என்றால் 3(2)(விஏ) இருக்கிறது, அதற்கும் அந்த நிபந்தனை இல்லை. எதிரிக்குப் பாதிக்கப்பட்டவரையோ குடும்பத்தையோ நேரடியாகத் தெரியும் என்றால், மாறாக நிரூபிக்கப்படாத வரை சாதியும் தெரியும் என்றே கோர்ட் அனுமானிக்க வேண்டும் என 8ஆம் பிரிவு சொல்கிறது. ஒரே ஊர், எதிரெதிர் தெரு என்று ஒரு வரி எழுதினால் போதும். பொதுக் கண்மாய்க் கரையில் இருந்த மரத்தடிக்கு (இசட்ஏ) பொருந்துமா என்று அந்த நிலையத்தில் யாராவது ஒரு நிமிடம் யோசித்திருக்கலாம். பொருந்தும் என்று வாதாட நான் தயாராக இருந்தேன். எஃப்.ஐ.ஆரில் கண்மாயே இல்லையே.

இப்போது எதிர்ப்பக்கத்துக்கு வருகிறேன். 'சார், பாதி புகார் பொய்ப் புகார், வரப்புத் தகராறையெல்லாம் பிசிஆர் ஆக்குறாங்க' என்று உங்களில் சிலர் சொல்வீர்கள். பொய்ப் புகாரே இல்லை என்று நான் சொல்லவில்லை. என்னிடம் வந்த எதிரிகளில் இரண்டு மூன்று பேர் உண்மையிலேயே ஒன்றும் செய்யாதவர்கள் என்று இன்றும் நம்புகிறேன். அவர்கள் மீதான எஃப்.ஐ.ஆரிலும் இதே வரிதான் இருந்தது: சாதியைச் சொல்லி அசிங்கமாகத் திட்டி, கையால் அடித்து. பொய் சொல்ல வந்தவருக்கு இந்த அச்சு வரி ரொம்ப வசதி. அவர் ஒன்றும் யோசிக்க வேண்டாம், நீங்களே எழுதிக்கொடுத்துவிடுகிறீர்கள். எந்த மரம், யார் பக்கத்தில் இருந்தார், வாளியை எந்தக் காலால் எத்தினார் என்று கேட்டு எழுதிப் பாருங்கள். நடக்காததைச் சொல்ல வந்தவர் நான்காவது கேள்வியில் தடுமாறுவார். நடந்ததைச் சொல்ல வந்தவர் நீங்கள் போதும் என்றாலும் நிறுத்த மாட்டார்.

அதற்காகப் பூர்வாங்க விசாரணை என்று சொல்லி, எஃப்.ஐ.ஆர். போடாமல் மனு ரசீதை மட்டும் கையில் கொடுத்து அனுப்பாதீர்கள். மூன்று முதல் ஏழு வருடத்துக்குள் தண்டனை உள்ள குற்றங்களுக்கு டி.எஸ்.பி. அனுமதியோடு 14 நாள் விசாரிக்கலாம் என்று புதுக் குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ். 173(3) சொல்வதைச் சில நிலையங்களில் இதற்கும் நீட்டுகிறார்கள். 3(1) குற்றங்களுக்கு அதிகபட்சம் ஐந்து வருடம் என்பதால் வந்த சபலம். பூர்வாங்க விசாரணை தேவையில்லை என்று 18ஏ சொல்லிவிட்ட பிறகு அந்தப் பேச்சுக்கே இடமில்லை என்பது என் வாதம். அந்தப் பதினான்கு நாளில் என்ன நடக்கும் என்பது உங்களுக்கும் தெரியும் எனக்கும் தெரியும். எதிர்த்தரப்பில் பதிலுக்கு ஒரு புகார் வரும், ஊர்ப் பெரியவர்கள் ஸ்டேஷன் வாசலில் வந்து நிற்பார்கள், 'ரெண்டு பேரும் எழுதிக் குடுத்துட்டுப் போங்க' என்பதில் முடியும்.

நோட்டீஸ் பற்றியும் சொல்லியாக வேண்டும். 15ஏ பிரிவின்படி ஜாமீன் உட்பட எந்த விசாரணைக்கும் பாதிக்கப்பட்டவருக்கு முன்கூட்டியே தகவல் தர வேண்டும், அவர் பேசவும் உரிமை உண்டு. இது கட்டாயம், சும்மா சடங்கு அல்ல என்று 2021ல் ராஜஸ்தான் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லி, நோட்டீஸ் இல்லாமல் கொடுத்த ஜாமீனையே ரத்து செய்தது. மேலே சொன்ன அம்மாவுக்கு நோட்டீஸ் முறையாகத்தான் வந்தது. முதல் நாள் சாயங்காலம் ஏழு மணிக்கு, ஒரு காவலர் பைக்கில் வந்து, 'நாளைக்குக் கோர்ட்ல இருக்கு, இதுல கையெழுத்துப் போடும்மா' என்று வாங்கிப் போனார். காலை பத்தரைக்கு வழக்கு. கடைசி பஸ் போயிருந்தது. வேலைக்கு ஆள் எடுக்கும் மேஸ்திரியின் மகனிடம் என் நம்பர் இருந்ததால் நான் போய் நின்றேன். எத்தனை பேருக்கு அப்படி ஒரு நம்பர் இருக்கும்?

(இன்னொரு சின்னத் தொல்லை, உங்களுக்கு அல்ல, எங்களுக்கு. முன்ஜாமீனுக்கான பழைய 438தான் இப்போது பி.என்.எஸ்.எஸ். 482. பழைய 482 என்பது எஃப்.ஐ.ஆரை ரத்து செய்யக் கேட்கும் பிரிவு, அது இப்போது 528. 482 போட்டிருக்கிறேன் என்று ஒரு வக்கீல் சொன்னால் எந்த 482 என்று இன்னமும் திருப்பிக் கேட்க வேண்டியிருக்கிறது.)

கடைசியாக, சட்டம் ஏற்கெனவே உங்களிடம் கேட்டிருப்பதைத்தான் நானும் கேட்கிறேன். வன்கொடுமைச் சட்டம் 4ஆம் பிரிவு, 2ஆம் உட்பிரிவு, முதல் வரி: வாய்மொழியாகச் சொன்னதை எழுதினால், கையெழுத்து வாங்குவதற்கு முன் சொன்னவருக்கு அதை வாசித்துக் காட்ட வேண்டும். பட்டியல் சாதியையோ பழங்குடியையோ சேராத அரசு ஊழியர் வேண்டுமென்றே கடமையைப் புறக்கணித்தால் ஆறு மாதத்துக்குக் குறையாமல் ஒரு வருடம் வரை சிறை என்றும் அதே பிரிவில் இருக்கிறது. உங்களைப் பயமுறுத்த இதை எழுதவில்லை. இரவுப் பணி முடித்து, பந்தோபஸ்துக்குப் போய்விட்டு வந்து, ஒரே கம்ப்யூட்டரில் நாலு பேர் வேலை பார்க்கும் இடத்தில் உட்கார்ந்து எழுதுகிறீர்கள் என்று தெரியும். ஆனாலும் ஒரு பக்கத்தை வாசித்துக் காட்ட மூன்று நிமிடம் போதும்.

அந்த அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது, கையெழுத்து மட்டும் போடுவார். முன்ஜாமீன் கிடைத்த பிறகு ஒரு நாள் என் அலுவலகத்துக்கு வந்தார். டி.எஸ்.பி.யிடம் கூடுதல் வாக்குமூலம் கொடுக்க வேண்டியிருந்தது. நடந்ததைச் சொல்லுங்கள் என்றேன். மரத்தடியில் தன் இடப்பக்கம் யார், வலப்பக்கம் யார், வாளி உருண்டு யார் காலில் பட்டு நின்றது என்று பதினோரு பேரின் பெயரை மூச்சு விடாமல் சொன்னார். நான் எழுதி முடித்துவிட்டு, எஃப்.ஐ.ஆரை எடுத்து அவருக்கு வாசித்துக் காட்டினேன். யாரும் அவருக்கு அதை வாசித்தது அதுதான் முதல் தடவை.

கேட்டுக்கொண்டே வந்தவர் நடுவில் கையைக் காட்டி நிறுத்தினார்.

'முன்விரோதம்னா என்னங்க சார்?'

பழைய சண்டை, பகை என்றேன்.

'அந்த ஆளுகூட நான் ஒரு வார்த்தை பேசுனது கெடையாதே. பகை எங்கேருந்து வந்துச்சு?'

எனக்குப் பதில் தெரியவில்லை, ஏட்டையா. எழுதியவர் நீங்கள்.

இப்படிக்கு,
தென்மாவட்டத்து வழக்கறிஞர் ஒருவர்